பிரமர் (1901)

கல்கத்தாவில் ஹிராலால் சென் எடுத்த ஊமைக் குறும்படம். அமரேந்திரநாத் தத்தா 1897இல் தொடங்கிய கிளாசிக் தியேட்டரில் மேடையேறிய ‘பிரமர்’ நாடகத்தின் காட்சிகளைக் கொண்டது.

நாடகத்தின் மூலம் பங்கிம் சந்திர சட்டோபாத்யாயரின் ‘கிருஷ்ணகாந்தேர் வில்’ (1878) நாவல். கோவிந்தலால் தன் இளம் மனைவி பிரமரைக் கைவிட்டு, ரோகிணி என்ற விதவையோடு ஊரைவிட்டுப் போகிறான். பிறகு சந்தேகத்தில் ரோகிணியைச் சுட்டுக் கொல்கிறான். அவன் திரும்பி வரும்போது பிரமர் மரணப் படுக்கையில் இருக்கிறாள்.

ஹிராலால் 1898இல் தம்பி மோதிலாலோடு ராயல் பயாஸ்கோப் கம்பெனியைத் தொடங்கியவர். கிளாசிக் மேடையிலிருந்து அவர் ‘அலிபாபா’, ‘சீதாராம்’, ‘சரளா’ ஆகிய நாடகங்களையும் படம் பிடித்தார். ‘ஹரிராஜ்’ என்பதும் அந்த வரிசையில் உண்டு. அது ஹாம்லெட்டின் வங்காள வடிவம், நம் பம்மல் சம்பந்த முதலியார் எழுதிய ‘அமலாதித்யன்’ போல. நாடகம் முடிந்ததும் அதே அரங்கில் இந்தப் படங்களைத் திரையிட்டார்கள்.

அன்றைய படம் நகராத கேமராவில் சில நிமிடமே ஓடியது. வசனத்தை எழுத்தில் காட்டும் அட்டைகளும் பரவலாகவில்லை. வங்காள மேடையோ பாட்டையும் நீண்ட புலம்பலையும் நம்பி நின்றது. பிரமரின் துயரத்தில் பெரும்பகுதி அவள் பேச்சில் இருந்ததால், குரல் போனபின் மிஞ்சியது முகமும் கையசைவும்தான். ஆனாலும் படம் புரிந்தது என்றால், பார்த்தவர்களுக்குக் கதை முன்பே மனப்பாடம் என்பதே காரணமாக இருக்க வேண்டும். 1900இல் பாரிஸ் பொருட்காட்சியில் காட்டப்பட்ட சாரா பெர்ன்ஹார்ட்டின் ஹாம்லெட் வாட்போர்க் காட்சிக்காவது ஒலிப்பதிவின் துணை இருந்தது. கல்கத்தாவில் அந்த வேலையைப் பார்வையாளரின் நினைவே செய்தது. இப்படத்தை வெறும் நாடகப் பதிவு என்று ஒதுக்குவது நியாயமில்லை. சொல்லால் நடந்த துயரத்தில் எந்தக் கணம் சொல்லின்றியும் நிற்கும் என்று ஒருவர் தேர்ந்தெடுத்திருக்கிறார். தழுவல் என்பதன் முதல் படி அதுவே.

1917இல் ஹிராலால் இறப்பதற்குச் சற்று முன் படச்சுருள்கள் இருந்த கிடங்கு தீப்பிடித்தது. எளிதில் எரியும் நைட்ரேட் பிலிம் என்பதால் அவருடைய படங்கள் எல்லாமே அழிந்தன; ‘பிரமர்’ படமும் மீளவில்லை. ஃபால்கேயின் ‘ராஜா ஹரிச்சந்திரா’ (1913) வருவதற்குப் பன்னிரண்டு ஆண்டு முன்பே இந்திய நடிகர்கள் ஒரு கதையைக் கேமராவுக்கு நடித்துக் காட்டினார்கள் என்பதற்கு இன்று சான்றாக இருப்பவை பழைய நாடக விளம்பரங்களும் பத்திரிகைக் குறிப்புகளும் மட்டுமே.