துண்டறிக்கையிலிருந்து சட்டமன்றத்துக்கு: என். சங்கரய்யாவின் இதழ்ப்பணி

கம்யூனிஸ்ட் தலைவர் என். சங்கரய்யாவைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் சிறை, கட்சி, சட்டமன்றம் என்ற வரிசையிலேயே அவர் வாழ்க்கையைச் சொல்கின்றனர். கட்சி ஏடுகளான ஜனசக்தியிலும் தீக்கதிரிலும் அவர் வகித்த ஆசிரியப் பொறுப்பு ஓரிரு வரிகளில் முடிந்துவிடுகிறது. இந்த வரிசையை மாற்ற வேண்டும் என்பதே இக்கட்டுரையின் வாதம். அவருடைய அரசியல் அச்செழுத்தில் தொடங்கியது. பதவிகள் பின்னர் வந்தவை.

முதற்சான்று சிதம்பரத்தில் கிடைக்கிறது. 1941-இல் அண்ணாமலைப் பல்கலைக்கழக மாணவி மீனாட்சி கைதானபோது, மதுரை அமெரிக்கன் கல்லூரியில் பி.ஏ. இறுதியாண்டு படித்துக்கொண்டிருந்த சங்கரய்யா அதைக் கண்டித்துத் துண்டறிக்கை எழுதினார். பிப்ரவரி 28 அன்று அவரும் கைதானார். தேர்வுக்கு 15 நாள்களே இருந்தன. பட்டம் அவருக்குக் கிட்டவேயில்லை. கொள்ளிடத்துக்கு வடக்கே நடந்த கைதை வைகைக் கரையில் பேச வைத்தது அந்தத் தாள்தான். ஓர் ஊரின் அநீதியை இன்னோர் ஊருக்குச் செய்தியாக்குவதுதான் தொழிலாளர் ஏட்டின் தலையாய வேலை. அதை அவர் ஏடு கையில் வருமுன்பே செய்துவிட்டார்.

கட்சி ஏட்டின் ஆசிரியர் கட்சி சொல்வதை எழுதுபவர்தானே என்று ஒரு மறுப்பு உண்டு. கட்சி உறுதியாக நிற்கும் காலங்களுக்கு அது ஓரளவு பொருந்தும். 1964-க்குப் பொருந்தாது. அவ்வாண்டு ஏப்ரலில் இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சியின் தேசியக் குழுவிலிருந்து வெளியேறிய 32 பேரில் சங்கரய்யாவும் ஒருவர். ஜனசக்தி பழைய கட்சியிடமே தங்கிவிட்டது. தாம் பணியாற்றிய ஏட்டையே விட்டு வந்தவர், 1963-இல் வார இதழாகத் தொடங்கியிருந்த தீக்கதிர் புதிய மார்க்சிஸ்ட் கம்யூனிஸ்ட் கட்சியின் ஏடானபோது அதன் முதல் ஆசிரியரானார். ஆலை வாயிலிலும் தொழிற்சங்க அலுவலகத்திலும் அதைப் படித்தவர்களுக்குப் பிளவின் காரணங்களை வாரந்தோறும் விளக்கியாக வேண்டும். சந்தா சேர்த்து ஏட்டை உயிரோடு வைத்திருக்கவும் வேண்டும். கட்சியின் குரல் உருவாகிக்கொண்டிருந்த வேளையில் அந்த நாற்காலியில் இருந்தவரை வெறும் எடுத்தெழுதுபவர் என்பது நியாயமன்று. மதுரை மேற்குத் தொகுதி அவரைச் சட்டமன்றத்துக்கு அனுப்பியது 1967-இல்தான். 1977, 1980 தேர்தல்களில் மதுரை கிழக்கில் வென்றார்.

ஏடு முதலில், பதவி பின்னர் என்ற வரிசைதான் நார்வேயிலும். அச்சுத்தொழிலாளி கிறிஸ்டியான் ஹோல்டர்மன் க்னூட்சன் 1884-இல் தொழிலாளர் ஏடு தொடங்கினார். தொழிற்கட்சி பிறந்தது 1887-இல். அவர் நாடாளுமன்றம் சென்றது 1906-இல். தமிழகத்தில் கம்யூனிஸ்ட் தலைவர் ப. ஜீவானந்தமும் 1937-இல் ஜனசக்தியைத் தொடங்கி, 1952-இல் வண்ணாரப்பேட்டையிலிருந்து சட்டமன்றம் புகுந்தார்.

ஜனசக்தியை நடத்திய உழைப்பில் கடலூருக்கும் பங்குண்டு. மஞ்சக்குப்பத்தில் பிறந்த ஜெயகாந்தன் இளம்வயதில் ஜனசக்தி அச்சகத்தில் வேலை பார்த்தவர். அவரை எழுத்தாளராக மட்டும், சங்கரய்யாவைத் தலைவராக மட்டும் படிப்பதால் இருவருக்கும் பொதுவான அச்சகம் நம் கண்ணில் படாமல் போகிறது. மீனாட்சியோ இன்னொருவர் வரலாற்றில் ஒரு பெயராக மட்டுமே நிற்கிறார். சிதம்பரம் அடங்கிய கடலூர் மாவட்டத்து ஆய்வாளர்கள் தங்கள் வேலையை அவரிடமிருந்து தொடங்கலாம்.