கிரஷ் கேல்ஸும் 25 வயதுக் கணக்கும்

ஜப்பானின் பெண்கள் தொழில்முறை மல்யுத்தத்தில் எழுதிவைக்காத சட்டம் ஒன்று வெகுகாலம் இருந்தது. 25 வயதை ஒட்டியதும் வீராங்கனை விலகிவிட வேண்டும். உடம்பில் தெம்பு மிச்சமிருக்கிறதா, அவர் பெயருக்குக் கூட்டம் வருகிறதா என்பதெல்லாம் பேச்சே இல்லை. ஒரு விடைபெறும் போட்டி, கை நிறையப் பூங்கொத்து, பத்து முறை மணியடிப்பு, அத்தோடு சரி. பெண்களின் உடல்நலனுக்காக வந்த ஏற்பாடு இது என்று சொன்னவர்கள் உண்டு. அந்த வயதுக்குள் பெண் கல்யாணம் முடித்துக் குடும்பத்துக்குள் போய்விடுவதுதான் அன்றைய ஊர்வழக்கம், மல்யுத்தம் மட்டும் அதற்கு எப்படி விலக்காகும் என்று கேட்டவர்களும் உண்டு. 1980-களில் அந்த நாட்டின் பள்ளிச் சிறுமிகளை ஆட்டிவைத்த 'கிரஷ் கேல்ஸ்' ஜோடியின் வரலாற்றை வரிசையாகப் பார்த்தால் இந்த இரண்டு விளக்கமும் போதாது என்றே நினைக்கிறேன். அடிப்படையில் அது ஒரு வியாபாரக் கணக்கு. ரசிகைகள் வளர்ந்து வேறு வேலை பார்க்கப் போய்விடுவார்கள், அடுத்து வருகிற சிறுமிகளுக்குப் புது முகம் வேண்டும் என்ற கணக்கு. அதை உச்சிக்குக் கொண்டுபோனதும் இந்த ஜோடிதான். அது தப்புக் கணக்கு என்று பிற்பாடு காட்டியதும் இதே இருவர்தான்.

கணக்கைப் போட்டவர்கள் மட்ஸுனாகா சகோதரர்கள். 1968-இல் அவர்கள் தொடங்கிய ஆல் ஜப்பான் பெண்கள் மல்யுத்த நிறுவனத்தை ஜப்பானியர் சுருக்கமாக 'ஸென்ஜோ' என்பார்கள். ஆரம்பத்தில் அதற்குக் கிடைத்தவர்கள் ஆண் பார்வையாளர்கள்தான். அவர்களில் பலர் விளையாட்டுக்காக வந்தவர்கள் அல்ல. மாக் ஃபுமியாகே என்ற நெடிய பெண் 1974-இல் வந்து ரிங்கிலேயே பாடத் தொடங்கியபோது காற்று திசை மாறியது. 1976-இல் ஜாக்கி ஸாட்டோவும் மாக்கி உயேடாவும் 'பியூட்டி பேர்' என்று ஜோடி சேர்ந்தார்கள். அவர்கள் பாடிய இசைத்தட்டு 8 லட்சம் பிரதிகள் வரை விற்றதாகச் சொல்வார்கள். அரங்கங்களில் ஆண்கள் உட்கார்ந்திருந்த இடத்தில் பள்ளிச் சீருடைப் பெண்கள் வந்து நிரம்பினார்கள். அடுத்து நிறுவனம் செய்ததுதான் நம் விஷயத்துக்கு முக்கியம். 1979 பிப்ரவரி 27 அன்று டோக்கியோவின் புடோக்கான் அரங்கில் அந்த இருவரையும் எதிரெதிரே நிறுத்தி, தோற்பவர் தொழிலை விட்டே போக வேண்டும் என்று நிபந்தனை வைத்தார்கள். உயேடா தோற்றார், போனார். 20 வயதை ஒட்டிய பெண்ணுக்கு அது ஓய்வு. ஸாட்டோவும் 1981-இல் விலகினார். ஒரு ஜோடியை உருவாக்கி, உச்சத்தில் உடைத்து, உடைவதையும் டிக்கெட் போட்டு விற்பது என்ற முறை அங்கே உறுதிப்பட்டது.

இந்த முறைக்கு 25 வயது வழக்கம் கச்சிதமாகப் பொருந்தியது. பதினைந்து, பதினாறு வயதில் பள்ளிப் படிப்பை முடித்த கையோடு பெண் பயிற்சிக் கூடத்தில் சேருவாள். மது, புகை, ஆண் நட்பு மூன்றும் கூடாது என்பது அங்கே கட்டளை. ஆண்டின் பெரும்பகுதி பேருந்தில் ஊர் ஊராகப் போய் ஆட வேண்டும். சின்னப் பெண்கள் ரிங்கைப் பூட்டுவதிலும் பிரிப்பதிலும் கைகொடுக்க வேண்டும், வாசலில் பொருள் விற்க வேண்டும். எட்டு, பத்து வருஷத்தில் அவள் பெயர் பெற்று, சம்பளம் கேட்கிற நிலைக்கு வரும்போது வயது வந்துவிடும். பெயர் பெற்றவள் பேரம் பேச ஆரம்பிப்பதற்குள் வழியனுப்பிவைப்பது முதலாளிக்கு லாபம். உடல்நலன்தான் காரணம் என்றால் அந்தப் பயண அட்டவணையை அல்லவா முதலில் குறைத்திருக்க வேண்டும்? அதை யாரும் குறைக்கவில்லை.

கிரஷ் கேல்ஸின் இருவரும் 1980-இல் ஒரே தொகுப்பில் களம் இறங்கியவர்கள். நாகசாகி மாகாணத்தின் ஓமுரா ஊரைச் சேர்ந்த சிகுஸா நாகாயோ 1964 டிசம்பரில் பிறந்தவர், கராத்தே கற்றவர். லயனஸ் அஸுகா 1963 ஜூலையில் பிறந்தவர். டோக்கியோவை ஒட்டிய சைத்தாமா அவர் பக்கம். முதல் மூன்று வருஷம் இருவருமே சோபிக்கவில்லை. அஸுகாவுக்குப் பலம் உண்டு, ஆனால் அவர் ஆட்டத்தில் சுவாரசியம் இல்லை என்று நிறுவனத்தில் சொன்னார்கள். நாகாயோ நடுவரிசையில் கிடந்து, விட்டுவிடலாமா என்று யோசிக்கிற நிலையில் இருந்தார். 1983 ஜனவரி 4 அன்று டோக்கியோவின் கோரகுவென் ஹாலில் அந்த இருவரும் மோதினார்கள். வழக்கமான பிடிகளையும் தூக்கி எறிதலையும் ஓரங்கட்டிவிட்டு உதையும் அடியுமாக ஒருவரை ஒருவர் விடாமல் தாக்கிக்கொண்ட போட்டி அது. அங்கிருந்துதான் அவர்களை ஒரே பக்கத்தில் நிறுத்திப் பார்க்கும் யோசனை வந்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் ஜோடி அமைந்தது. அடுத்த ஆகஸ்டில் முதல் இசைத்தட்டு வெளிவந்தது, டைனமைட் கேர்ல்ஸ் ஜோடியிடமிருந்து டேக் டீம் பட்டமும் கைக்கு வந்தது. ஃபுஜி தொலைக்காட்சி பெண்கள் மல்யுத்தத்தை மறுபடி முக்கிய நேரத்துக்குக் கொண்டுவந்தது.

தொலைக்காட்சியும் பாட்டும் சேர்ந்து ஊதிப் பெருக்கிய புகழ்தானே இது என்று கேட்பவர்களுக்கு ஒரு பதில் இருக்கிறது. அந்த இரண்டும் இவர்களுக்கு முன்பும் இருந்தன. பியூட்டி பேர் பிரிந்த பிறகு நிறுவனம் வேறு ஜோடிகளையும் பாடவைத்துப் பார்த்தது; அந்த அலை திரும்பவில்லை. கிரஷ் கேல்ஸிடம் இருந்தது டேக் டீம் என்ற வடிவத்தையே புரிந்துகொண்ட ஆட்டம். இந்த வகைப் போட்டியில் ஒருவர்தான் உள்ளே ஆடலாம். மற்றவர் கயிற்றுக்கு வெளியே தன் மூலையில் நின்றுகொண்டு, கையை எட்டிய மட்டும் நீட்டிக் காத்திருக்க வேண்டும். உள்ளே இருப்பவர் எதிராளியிடம் மாட்டிக்கொண்டு, ஊர்ந்து வந்து அந்தக் கையைத் தொட்டால்தான் மாற முடியும். நாகாயோ அடி வாங்குவதில் மேதை. அவர் முகத்தில் வலியும் பிடிவாதமும் தெரிகிற விதம் கடைசி வரிசைவரை போய்ச் சேரும். தொட்ட மறுகணம் அஸுகா உள்ளே பாய்ந்து, எதிராளியின் இரு கால்களையும் அள்ளிக்கொண்டு சுழற்றத் தொடங்குவார். பத்துச் சுற்று, இருபது சுற்று. அரங்கமே சேர்ந்து எண்ணும். பதினான்கு வயதுப் பெண்ணுக்கு அன்றைய தொலைக்காட்சி காட்டிய தோழமை என்ன? சேர்ந்து சிரிப்பது, சேர்ந்து பாடுவது. ஒருத்திக்காக இன்னொருத்தி அடிபடுவதையும், வந்து மீட்பதையும் அவள் வேறெங்கும் பார்க்கவில்லை. ஊருக்கு ஊர் ரசிகைகள் படை அமைத்து, ஒரே மாதிரி மேலங்கி தைத்துக்கொண்டு, காகிதச் சுருள்களோடு வந்தார்கள். நிறுவனத்தில் சேர ஆயிரக்கணக்கில் விண்ணப்பங்கள் குவிந்ததும் இந்த வருஷங்களில்தான்.

எதிரணிக்கும் இதில் பாதிப் பங்கு உண்டு. டம்ப் மட்ஸுமோட்டோ இவர்களோடு அதே 1980 தொகுப்பில் வந்தவர். கனத்த உடம்பு, முகத்தில் சாயம், கையில் சங்கிலியும் மூங்கில் கழியும். இளம் வீராங்கனை புல் நாகானோவைச் சேர்த்துக்கொண்டு அவர் நடத்திய கொடுமைக்காரக் கூட்டணி வரும்போது ரசிகைகள் உண்மையாகவே வெறுத்தார்கள். அவர் வீட்டின் மீது கல் விழுந்தது. 1985 ஆகஸ்ட் 28, ஒசாகா கோட்டை அரங்கம்: நாகாயோவும் டம்ப்பும் தலைமுடியைப் பந்தயம் வைத்து மோதினார்கள். நாகாயோ தோற்றார். ரிங்கின் நடுவே நாற்காலியில் உட்காரவைத்து, கழுத்தில் சங்கிலி கிடக்க, கத்தரியால் முடியை அள்ளி வெட்டி, பிறகு மெஷினை ஓட்டினார்கள். சுற்றிலும் சிறுமிகள் கதறி அழுதார்கள். முடிவு முன்பே தீர்மானித்த ஆட்டத்துக்கு இவ்வளவு கண்ணீரா, இதை வரலாற்றுச் சான்றாக எடுத்துக்கொள்ளலாமா என்ற ஆட்சேபம் இங்கே எழும். யார் தோற்பது என்பதை முதலாளி தீர்மானிக்கலாம். தோற்றவள்மேல் எத்தனை பேர் உயிரை வைக்கிறார்கள் என்பதை எந்த முதலாளியும் தீர்மானித்துவிட முடியாது. முடிந்திருந்தால் 1979-க்கும் 1983-க்கும் இடையே ஸென்ஜோ அவ்வளவு தவித்திருக்காது. தவிர, அந்த முடி நிஜம். மொட்டைத் தலையோடு நாகாயோ வாழ்ந்த மாதங்களும் நிஜம். 1986 நவம்பர் 7 அன்று அதே அரங்கில் டம்ப்பை வென்று அவர் பழி தீர்த்தார்.

இந்த உச்சத்திலேயே விரிசலும் விட்டது. பாட்டும் படப்பிடிப்பும் அஸுகாவுக்குக் கசந்தன. மல்யுத்தம் மட்டும் போதும் என்று பின்வாங்கினார். நாகாயோ தனிப் பட்டத்தை நோக்கிப் போனார், 1987 அக்டோபரில் வென்றார். நிறுவனம் பழைய பாடத்தையே திரும்ப ஒப்பித்தது: ஜோடியை எதிரெதிரே நிறுத்துவது. 1989 ஜனவரியில் அஸுகா அந்தப் பட்டத்தை நாகாயோவிடமிருந்தே பறித்தார். ஆனால் இதற்கிடையில் நடந்த ஒரு நிகழ்ச்சி என் வாதத்துக்கு இவை எல்லாவற்றையும்விட வலுவானது. 1988 பிப்ரவரியில் டம்ப்புக்கும் சக வீராங்கனை யுக்காரி ஓமோரிக்கும் விடைபெறும் போட்டி. எதிரில் கிரஷ் கேல்ஸ். போட்டி முடிந்ததும் அணிகளைக் கலைத்து மறுபடி சில நிமிடம் ஆடினார்கள். டம்ப்பும் நாகாயோவும் ஒரு பக்கம், அஸுகாவும் ஓமோரியும் மறுபக்கம். தலையை மழித்தவளும் மழிக்கப்பட்டவளும் ஒரே மூலையில் நின்றதைக் கண்டு, டம்ப்பை நேற்றுவரை வெறுத்த ரசிகைகள் அவருக்காக அழுதார்கள். அந்தப் பெண்கள் தேடி வந்தது புது முகத்தை அல்ல. இந்த மனுஷிகளுக்குள் வருஷக்கணக்கில் வளர்ந்திருந்த உறவை அவர்கள் பின்தொடர்ந்தார்கள். அது வயதாக ஆகத்தான் கனம் கூடும். நிறுவனத்தின் கணக்கில் இதற்கு இடமே இல்லை. 1989 மே 6 அன்று யோக்கோஹாமா அரங்கில் நாகாயோ விடைபெற்றார். வயது 24. ஆகஸ்டில் அஸுகா. வயது 26.

ரசிகைகள் எப்படியும் வளர்ந்து போயிருப்பார்கள், ஜோடி இருந்தாலும் இல்லாவிட்டாலும் அலை ஓய்ந்திருக்கும் என்பது நியாயமான ஆட்சேபம். பியூட்டி பேர் கலைந்தபோதும் கூட்டம் கலைந்ததே. ஆனால் இரண்டு தடவையும் கூட்டம் தானாகக் கலையவில்லை. பார்க்க வந்தவர்களை நிறுவனமே மேடையிலிருந்து இறக்கியது. 1989-க்குப் பிறகு ஸென்ஜோ ஒளிபரப்பு பின்னிரவுக்குத் தள்ளப்பட்டது, இருக்கைகளில் பழையபடி ஆண்கள் நிறைந்தார்கள். 1990-களின் முற்பகுதியில் புல் நாகானோ, ஆஜா காங், மனாமி டொயோட்டா போன்றவர்கள் ஆடிய ஆட்டம் இந்தக் கலையின் சிகரம் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. அவர்களில் ஆஜா காங் நாகாயோவைப் பார்த்துத்தான் தொழிலுக்கே வந்தவர். ஆனால் பள்ளிச் சிறுமிகள் அலை அலையாக வரவில்லை. பல பெண்கள் மல்யுத்த நிறுவனங்கள் கைகோத்துப் பெரிய போட்டிகள் நடத்திய 1993-இல் நாகாயோ திரும்பி வந்து யோக்கோஹாமாவில் மூத்த வீராங்கனை டெவில் மஸாமியோடு மோதினார். அடுத்த ஆண்டு அஸுகாவும் திரும்பினார். 25 வயது வழக்கம் அங்கேயே செத்தது. 1995 ஏப்ரலில் நாகாயோ 'கயா' என்ற சொந்த நிறுவனத்தின் முதல் போட்டியை கோரகுவென் ஹாலில் நடத்தினார். அந்த அரங்கங்களுக்குப் பெண்கள் வந்தார்கள். அவர்களில் பலர் பத்து வருஷத்துக்கு முன் காகிதச் சுருள் வீசியவர்கள். 2000-இல் அஸுகாவும் நாகாயோவும் 'கிரஷ் 2000' என்று மறுபடி ஒரே மூலையில் நின்றபோது இருவருக்கும் முப்பத்தைந்துக்கு மேல். ஸென்ஜோவோ, முதலாளிகள் ரியல் எஸ்டேட்டிலும் உணவகங்களிலும் போட்ட பணம் மூழ்கி, 1997-இல் திவாலாகி, வீராங்கனைகளை மொத்தமாக இழந்து நொண்டிக்கொண்டிருந்தது. 2005 ஏப்ரலில் கயா, ஸென்ஜோ இரண்டுமே மூடின. கயாவும் நிலைக்கவில்லையே என்று கேட்கலாம். நிலைக்கவில்லைதான்; ஆனால் அதற்குள் அது ஒரு தலைமுறையைப் பயிற்றிவிட்டது.

மிச்சமிருப்பது உடல்நலன் வாதம். இந்தத் தொழில் முழங்காலையும் கழுத்தையும் தின்றுவிடும் என்பதை யாரும் மறுக்க முடியாது. இன்னொரு ஸென்ஜோ வீராங்கனையான ஜாகுவார் யோகோட்டா 1980-களின் நடுவில் தோள்பட்டைக் காயத்தால்தான் ஓய்வு அறிவித்தார். ஆனால் அவரே பிறகு திரும்பி வந்து அறுபது வயதைக் கடந்தும் ரிங் ஏறினார். டெவில் மஸாமி 2008 வரை ஆடினார். நாகாயோ கயாவில் கைபிடித்துக் கற்றுக்கொடுத்த மெய்கோ ஸாட்டோமுரா 1995-இல் 15 வயதில் முதல் போட்டி ஆடியவர். பிற்காலத்தில் பிரிட்டனில் டபிள்யூ.டபிள்யூ.ஈ. நிறுவனத்தின் பட்டமும் வென்றார். அவர் விடைபெற்றது 2025 ஏப்ரலில், அதே கோரகுவென் ஹாலில், 45 வயதில். எப்போது போவது என்பதை அவரே முடிவு செய்தார்.