வாசுதேவன் பாஸ்கரன்

இந்திய ஹாக்கி அணியின் முன்னாள் தலைவர், பின்னாளில் பயிற்சியாளர். 1950 ஆகஸ்ட் 17 அன்று ஆரணியில் பிறந்தார். 1980இல் மாஸ்கோ ஒலிம்பிக்கில் இந்தியா தங்கம் வென்றபோது அணியை வழிநடத்தியவர் இவரே. ஒலிம்பிக் ஹாக்கியில் இந்தியாவுக்கு அது எட்டாவது தங்கம். அதற்குப் பின் இந்த ஆட்டத்தில் நமக்குத் தங்கம் கிடைக்கவில்லை. தமிழ்நாட்டின் விளையாட்டு வரலாற்றில் இதற்கு இணையான பெருமைகள் மிகச் சிலவே. ஆனாலும் கிரிக்கெட் வீரர்களை அடையாளம் சொல்லும் பிள்ளைகளில் பலருக்கு இவர் பெயர் தெரியாது.

பாஸ்கரன் ஆடிய இடம் ஹாஃப். எதிரணியின் முன்வரிசையை மடக்குவதும், பறித்த பந்தைத் தன் முன்வரிசைக்குக் கொண்டுசேர்ப்பதும் அந்த இடத்தில் ஆடுபவரின் வேலை. கோல் போட்டவர்களின் பெயர் பரவுகிற அளவுக்கு ஹாஃப் ஆட்டக்காரர்களின் பெயர் பரவுவதில்லை. ஆனால் ஆட்டத்தின் வேகத்தைக் கூட்டுவதும் குறைப்பதும் அங்கிருந்துதான்.

அவருடைய முதல் ஒலிம்பிக் 1976இல் மான்ட்ரியலில் நடந்தது. அங்கேதான் ஒலிம்பிக் ஹாக்கி முதன்முறையாகப் புல்தரையை விட்டுச் செயற்கைத் தளத்துக்கு மாறியது. மண்ணிலும் புல்லிலும் பந்தை மட்டையோடு ஒட்டவைத்து வளைந்து நெளிந்து போன நம் ஆட்டம், பந்து வழுக்கி ஓடும் அந்தத் தளத்தில் தடுமாறியது. முந்தைய ஆண்டுதான் கோலாலம்பூரில் உலகக் கோப்பையை வென்ற நாடு, மான்ட்ரியலில் ஏழாம் இடத்துக்குப் போயிற்று. 1928 முதல் ஒவ்வொரு ஒலிம்பிக் ஹாக்கியிலும் பதக்கத்தோடு திரும்பிய இந்தியா வெறுங்கையோடு வந்தது அதுவே முதல் முறை. தலைமுறை தலைமுறையாகக் கைவந்த ஆட்டம் ஒரே தொடரில் பழசானதைக் களத்தில் நின்று பார்த்தவர்களில் பாஸ்கரனும் ஒருவர்.

நான்கு ஆண்டுகள் கழித்து மாஸ்கோவுக்கு அவர் தலைவராகப் போனார். சோவியத் படைகள் ஆப்கானிஸ்தானில் நுழைந்ததைக் கண்டித்து அமெரிக்கா தொடங்கிய புறக்கணிப்பால் ஹாக்கி பலமாக அடிபட்டது. பாகிஸ்தான், மேற்கு ஜெர்மனி, நெதர்லாந்து, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, பிரிட்டன் எதுவும் வரவில்லை. களத்தில் இருந்தவை ஆறே அணிகள்.

முதல் ஆட்டத்தில் தான்சானியாவை 18–0 என்று இந்தியா வீழ்த்தியது. பிறகு வழி கடினமாயிற்று. போலந்தோடு 2–2, ஸ்பெயினோடும் 2–2 எனச் சமன். கியூபாவை 13–0 என்று வென்ற பிறகு, சோவியத் அணியை அதன் சொந்த மண்ணில் 4–2 என்று தோற்கடித்து இறுதிக்குள் நுழைந்தது. அங்கே எதிரில் நின்றது மீண்டும் ஸ்பெயின்.

1980 ஜூலை 29 அன்று நடந்த அந்த இறுதி ஆட்டம் தனியே சொல்லப்பட வேண்டியது. சுரீந்தர் சிங் சோதி இரண்டு கோல் அடித்தார். இடைவேளைக்குப் பின் மகாராஜ் கிஷன் கௌஷிக் மூன்றாவதைப் போட்டார். 3–0 என்றதும் ஆட்டம் முடிந்ததாகவே தோன்றியிருக்கும். ஸ்பெயினின் ஹுவான் அமாத் அப்படி நினைக்கவில்லை. அவர் அடுத்தடுத்து இரண்டு கோல் திருப்பினார். முகமது ஷாகித் நான்காவதைப் போட்டு மூச்சுவிட இடம் தந்தார். அமாத் விடாமல் தன் மூன்றாவது கோலையும் அடித்தார். 4–3. எஞ்சிய நிமிடங்களில் சமன் கோலுக்காக முட்டிமோதிய ஸ்பெயினை இந்தியா தடுத்து நிறுத்தியது. அந்தத் தொடரில் மட்டும் சோதி அடித்த கோல்கள் 15.

வலுவான அணிகள் வராததால் கிடைத்த தங்கம் என்று இதைக் குறைத்துப் பேசுவோர் உண்டு. அந்தப் பேச்சு நியாயமற்றது. வராதவர்களை யாரும் வெல்ல முடியாது. வந்திருந்த ஸ்பெயின் ஒருமுறை நம்மைச் சமன் செய்த அணி, இறுதியில் மூன்று கோல் போட்ட அணி. முந்தைய ஒலிம்பிக்கில் ஏழாம் இடத்தில் கிடந்த அணியைக் கையில் எடுத்து, ஆறு ஆட்டங்களில் ஒன்றுகூடத் தோற்காமல் தங்கம் வரை கொண்டுபோனது தலைவராக பாஸ்கரன் செய்த பெருங்காரியம். அர்ஜுனா விருதும் 1981இல் பத்மஸ்ரீயும் அவருக்கு வழங்கப்பட்டன.

பயிற்சியாளராக அவருக்குக் காலம் அவ்வளவு இணக்கமாக அமையவில்லை. 1998 உலகக் கோப்பையில் இந்தியா ஒன்பதாம் இடம். 2000 சிட்னி ஒலிம்பிக்கில் அரையிறுதி எட்டும் தூரத்தில் இருந்தது; கடைசிப் பிரிவு ஆட்டத்தில் வென்றால் போதும். 1–0 என்று முன்னிலையில் இருந்தபோது, ஆட்டம் முடிய இரண்டு நிமிடத்துக்கும் குறைவாக இருந்த நேரத்தில் எதிரணி சமன் கோல் போட்டது. அந்த எதிரணி, மாஸ்கோவில் அவரது அணியைச் சமன் செய்த அதே போலந்து. முடிவில் ஏழாம் இடம். 2006 உலகக் கோப்பையில் பதினோராம் இடம். இந்தத் தோல்விகளை ஒரு மனிதரின் கணக்கில் எழுதுவது தவறு. ஐரோப்பாவிலும் ஆஸ்திரேலியாவிலும் சிறுவர்கள் செயற்கைப் புல்லிலேயே ஆடி வளர்ந்துகொண்டிருந்த ஆண்டுகளில், நம் ஆட்டக்காரர்களில் பெரும்பாலோர் மண்தரையில் தொடங்கி வயது வந்த பிறகே அந்தப் புல்லை மிதித்தார்கள்.

அந்த இடைவெளியைத் தெற்கே புரிந்துகொண்ட ஊர் கோவில்பட்டி. தீப்பெட்டிக்கும் கடலைமிட்டாய்க்கும் பெயர்பெற்ற இந்த ஊரில் பல தலைமுறைகளாக ஹாக்கி மட்டையும் புழங்கிவருகிறது. கோடையில் வெடித்தும் மழையில் சேறாக ஒட்டியும் கிடக்கும் கரிசல் மண் ஓடியாடும் விளையாட்டுக்கு இடம்கொடுக்கிற மண் அல்ல. ஆனாலும் லட்சுமி அம்மாள் நினைவு அகில இந்திய ஹாக்கிப் போட்டி நாட்டின் பெரிய அணிகளை இங்கே வரவழைத்து, கரிசல்காட்டுப் பிள்ளைகளின் கண்ணெதிரே நல்ல ஆட்டத்தைக் கொண்டுவந்து வைத்தது. தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தின் பயிற்சி விடுதியும் செயற்கைப் புல் மைதானமும் வந்த பிறகு பலன் தெரியத் தொடங்கியது. 2022 மே மாதம் ஜகார்த்தாவில் நடந்த ஆசியக் கோப்பையில் இந்தியச் சட்டையை முதன்முறையாக அணிந்தவர்களில் கோவில்பட்டி மாரீஸ்வரனும், அரியலூரிலிருந்து வந்து இங்கே பயிற்சி பெற்ற கார்த்தி செல்வமும் இருந்தார்கள். பாகிஸ்தானுக்கு எதிரான முதல் ஆட்டத்திலேயே கார்த்தி கோல் அடித்தார். இந்தியா வெண்கலம் பெற்றது.

மாஸ்கோவுக்குப் பிறகு ஒலிம்பிக் ஹாக்கியில் அடுத்த பதக்கத்துக்கு இந்தியா 41 ஆண்டுகள் காத்திருந்தது. டோக்கியோ போட்டியில் 2021இல் வெண்கலம் வந்தது. 2024இல் பாரிஸிலும் ஒரு வெண்கலம், அதுவும் ஸ்பெயினை 2–1 என்று வென்று. இந்த இரண்டு அணிகளிலும் தமிழ்நாட்டு வீரர் ஒருவர்கூட இல்லை. கடைசித் தங்க அணிக்குத் தலைவரைத் தந்த மாநிலத்துக்கு இது குறைதான். கயத்தாறு, எட்டயபுரம், விளாத்திகுளம் பக்கத்துப் பள்ளிகளில் மட்டை பிடிக்கும் பிள்ளைகள் வாரத்தில் சில நாளாவது கோவில்பட்டியின் செயற்கைப் புல்லில் ஆடுவதற்குப் பேருந்து வசதியும் நேரமும் ஒதுக்கித் தருவது, மாவட்ட நிர்வாகமும் ஊர்ப் பெரியவர்களும் மனம்வைத்தால் நடக்கக்கூடிய காரியம். அதை இப்போதே செய்ய வேண்டும்.