கூலியும் ஆபத்தும்

ஆலையிலே கையிழந்த ஒருவன் நட்டஈடு கேட்கிறான். “ஆபத்தை அறிந்துதானே வேலைக்கு வந்தாய்?” என்று அவனைத் திருப்பிக் கேட்பது கொடுமையன்றோ? ஆயினும், நூறாண்டுக்கு மேலாக ஆங்கில நாட்டு நீதிமன்றங்களில் இக்கேள்விக்கு இடமிருந்தது.

1837இல் பிரீஸ்ட்லி என்னும் இறைச்சிக்கடைப் பணியாளனின் வழக்கு இங்கிலாந்தில் தீர்க்கப்பட்டது. பாரம் மிகுந்த வண்டி உடைந்து அவனுடைய தொடையெலும்பு முறிந்தது. யூரிமார் 100 பவுண் வழங்கினர்; அபிங்கர் பிரபுவின் மன்றோ அதை மறுத்தது. இவனுக்கு ஈடு கொடுத்தால், வேலைக்காரி ஈரப்படுக்கை விரித்ததற்கும் எசமான் பொறுப்பேற்க நேருமாம்! ஆபத்தைக் கண்டவன் வேலையை மறுத்திருக்கலாமாம்!

1842இல் அமெரிக்காவின் மசாசுசெற்ஸ் மாநிலத்தில் இவ்வாதம் முழு உருப்பெற்றது. தண்டவாளத்தை மாற்றிவிடும் ஊழியனின் தவறால் புகையிரதச் சாரதி பார்வெல் வலக்கையை இழந்தான். அவனது நாட்கூலி 2 டொலர். அக்கூலியிலேயே ஆபத்துக்கான விலையும் அடங்கியுள்ளது என்றார் பிரதம நீதியரசர் லெமுவேல் ஷா.

இவ்வாறு முதலாளிக்கு மூன்று கவசங்கள் வாய்த்தன. ஆபத்தை நீ ஏற்றுக்கொண்டாய். தவறு உன் உடன்தொழிலாளியுடையது. உன்னிடமும் பிழை உண்டு. மூன்றாவது கவசம் 1809ஆம் ஆண்டு வழக்கொன்றில் தோன்றியது. தொழிலாளியிடம் சிறு பிழை இருப்பினும், பொதுவிதியின்படி நட்டஈடு முழுவதும் அற்றுப்போகும்.

சுதந்திர ஒப்பந்தம் என்றனர். பசித்த வயிற்றுக்கு ஒப்பந்தத்தில் ஏது சுதந்திரம்? 1891இல் பிரபுக்கள் சபை இதனை ஓரளவு உணர்ந்தது. தலைக்கு மேலே பாரந்தூக்கி கற்களைக் கொண்டுசெல்ல, கீழே பாறை துளைத்த சிமித் என்பவன் காயமுற்றான். ஆபத்தை அறிந்திருந்தமை அதற்கு இணங்கியமை ஆகாது எனச் சபை தீர்த்தது.

தொழிலாளர் இயக்கம் வளர வளரச் சட்டமும் அசைந்தது. பிழை எவருடையது என்று தேடாமலே ஈடு வழங்கும் முறை ஜெர்மனியில் 1884இலும் பிரித்தானியாவில் 1897இலும் பிறந்தது. நியூயோர்க்கின் அத்தகைய சட்டத்தை அம்மாநில உயர்மன்று 1911 மார்ச் 24இல் செல்லாதென்றது. மறுநாளே டிரையாங்கிள் ஆடைத் தொழிற்சாலைத் தீயில் 146 பேர் மாண்டனர். 1913இல் மாநில அரசியலமைப்பையே திருத்தி அச்சட்டத்தை மீட்டனர்.

பிழையைப் பங்கிட்டு, பங்குக்கேற்ப ஈட்டைக் குறைக்கும் நெறி அமெரிக்கப் புகையிரத ஊழியருக்கு 1908இலும், பிரித்தானியாவில் 1945இலும் வந்தது. உடன்தொழிலாளி என்ற கவசம் பிரித்தானியாவில் 1948இல் ஒழிந்தது. இலங்கையிலும் 1934ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கத் தொழிலாளர் நட்டஈட்டுக் கட்டளைச்சட்டம், முதலாளியின் பிழையை நிறுவாமலே அட்டவணைப்படி ஈடு பெற வழி செய்தது.

பங்கிடுதல் பழைய விதியிலும் மேலானதே. எனினும், அப்பங்கை அளப்பவர் யார்? நெடுநேரம் உழைத்துக் களைத்தவனின் கை ஒரு கணம் தவறினால், அப்பிழை கையினதா, வேலைநேரத்தை வகுத்தவனதா? தராசு எவர் கையில் உள்ளது என்பதை நோக்காமல் நிறையை மட்டும் நோக்குவோர் நீதியைக் காணமாட்டார்.