எச். ஸ்ரீதர்

எச். ஸ்ரீதர் (இறப்பு: 1 டிசம்பர் 2008) சென்னையில் பணியாற்றிய ஒலிப்பொறியாளர், திரைப்பட ஒலிக்கலவையில் தேர்ந்தவர். சிறந்த ஒலிப்பதிவுக்கான தேசிய விருதை நான்கு முறை பெற்றார். ஏ. ஆர். ரகுமானின் ஒலிப்பொறியாளர் என்றே பெரிதும் அறியப்பட்டாலும், தமிழ்த் திரையரங்கின் ஒலி அடியோடு மாறிய காலத்தோடு வைத்துப் பார்த்தால்தான் அவருடைய பணி விளங்கும்.

பேசும்படம் வந்த 1931 முதல் அரை நூற்றாண்டுக்கு மேல், பெரும்பாலான தமிழ்ப் படங்களின் ஒலி படச்சுருளின் ஓரத்தில் ஒளிவடிவில் பதிந்த ஒற்றைத் தடமாகவே இருந்தது. வசனம், பாட்டு, மழை, இடி எல்லாம் திரைக்குப் பின்னாலிருந்து ஒன்றாகவே வந்தாக வேண்டும். வசனம் கேட்டால் போதும் என்று மற்ற ஒலிகளை அடக்கிவிடுவதே வழக்கம். 1986இல் ‘மாவீரன்’ 70 மி.மீ. படமாக ஆறு தட ஒலியுடன் வந்தது. ஆனால் அத்தகைய படிகளுக்குச் செலவு அதிகம், திரையிடத் தக்க அரங்குகளோ குறைவு. ‘குருதிப்புனல்’ (1995) டால்பி ஸ்டீரியோ ஒலியைத் தமிழுக்குக் கொண்டுவந்தது. அடுத்த ஆண்டு ‘கருப்பு ரோஜா’ டி.டி.எஸ். முறையில் வெளியானது. இம்முறையில் ஒலி தனிக் குறுந்தட்டில் இருக்கும். சுருளில் அச்சான நேரக்குறி அதைப் படத்தோடு இணைத்து ஓட்டும். டால்பி டிஜிட்டலில் சுருளின் துளைகளுக்கு இடைப்பட்ட இடத்திலேயே ஒலித்தரவு அச்சாகும். சிற்றூர் அரங்குகளும் ‘டி.டி.எஸ்.’ என்று சுவரொட்டியில் போட்டுக்கொண்டன. பக்கவாட்டு ஒலிபெருக்கிகள் எல்லா ஊரிலும் ஒலித்தனவா என்பது வேறு.

ஸ்ரீதரின் முதல் தேசிய விருது, இளையராஜா இசையமைத்த ‘மகாநதி’க்காக கே. எம். சூர்யநாராயணனோடு சேர்ந்து கிடைத்தது. மற்ற மூன்றும் ரகுமான் இசையமைத்த படங்களுக்குக் கிடைத்தன: ‘தில் சே’ (1998), ‘லகான்’ (2001), ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ (2002). ‘லகான்’ படப்பிடிப்புத் தளத்திலேயே நேரடியாக ஒலிப்பதிவு செய்யப்பட்ட படம். அதைச் செய்த நகுல் காம்தேயும் ஸ்ரீதரும் ஒரே விருதைப் பகிர்ந்துகொண்டனர். ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ விருதில் ஏ. எஸ். லட்சுமிநாராயணன் பங்கு பெற்றார். தளப்பதிவு, ஒலி வடிவமைப்பு, இறுதிக் கலவை ஆகியவற்றுக்குத் தனித்தனி தேசிய விருது 2009ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் தொடங்கியது. ஆகவே இவ்விருதுகளை மட்டும் கொண்டு யார் எதைச் செய்தார் என்று பிரித்தறிய இயலாது. ரகுமானின் பல அடுக்கு இசையில் ஒவ்வொரு வாத்தியமும் தனித்துக் கேட்பதில் ஸ்ரீதரின் கலவைக்குப் பெரும் பங்கு உண்டு. பாடல் விமர்சனங்கள் இதை அரிதாகவே குறிப்பிட்டன.

‘ஸ்லம்டாக் மில்லியனர்’ இசைத்தொகுப்புக்கு 2010இல் கிராமி விருது கிடைத்தபோது, மறைந்த ஸ்ரீதரும் ஒலிப்பொறியாளர் என்ற முறையில் விருது பெற்றோரில் ஒருவரானார். அவருக்குப் பின் ஒலித்தொழில்நுட்பம் டால்பி அட்மாஸுக்கு நகர்ந்தது. 2012இல் முப்பரிமாணத்தில் மறுவெளியீடான ‘சிவாஜி’ அம்முறையில் வந்தது.