சுருள் தேடிப் போன செட்டியார்

1937 அக்டோபர் 2, காந்தியின் பிறந்தநாள். நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குப் போய்க்கொண்டிருந்த கப்பலில் கோட்டையூர்க்காரர் ஒருவர் இருந்தார். ஏ.கே. செட்டியாருக்கு அப்போது இருபத்தாறு வயதுகூட நிறையவில்லை. ரங்கூனில் 'தனவணிகன்' பத்திரிகையை நடத்திவிட்டு, டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை படித்தவர். காந்தியைப் பற்றி முழுநீள ஆவணப்படம் எடுத்தால் என்ன என்ற யோசனை அந்தக் கப்பலில்தான் பிறந்தது.

துணிச்சல்தான். தமிழ் பேசும்படம் பிறந்தே ஆறு வருடம். கொட்டகைகளில் புராணமும் பாட்டும் ஓடிக்கொண்டிருந்தன. பெரிய ஸ்டூடியோவின் தயவு கிடையாது. வெள்ளைக்கார அரசாங்கத்தின் கண்ணிலும் படாமல் காரியம் நடக்க வேண்டும்.

'உலகம் சுற்றும் தமிழன்' என்று அவரைக் கொண்டாடுகிறோம். அந்தப் பட்டம் அவருடைய உழைப்பைக் கொஞ்சம் மறைத்துவிடுகிறது. அவர் கேமராவும் பிடித்தார். ஆனால் பெரிய வேலை வேறு. தண்டி யாத்திரையையும் 1931 லண்டன் வட்டமேசை மாநாட்டையும் நியூஸ்ரீல் கம்பெனிகள் எப்போதோ படம்பிடித்துவிட்டன. செய்தி பழசானதும் சுருள்கள் கிடங்குக்குப் போய்விடும். எந்த ஊரில் எவரிடம் எத்தனை அடி இருக்கிறது என்று விசாரித்து, விலை பேசி, பிரதி எடுத்து வர வேண்டும். தென்னாப்பிரிக்கா, ஐரோப்பா, அமெரிக்கா என்று அவர் அலைந்தது இதற்காகத்தான். முப்பது ஆண்டுகளில் நூறு கேமராக்காரர்கள் எடுத்த காட்சிகள், சுமார் 50,000 அடி சேர்ந்தன.

சேர்த்தால் போதுமா? அந்தக் காலத்து நைட்ரேட் பிலிம் எளிதில் தீப்பற்றும். மௌனப்படக் காலத்துச் சுருளைப் பேசும்பட வேகத்தில் ஓட்டினால், ஏற்கெனவே விறுவிறுவென்று நடக்கும் காந்தி ஓட்டப்பந்தயக்காரராகிவிடுவார். இவ்வளவையும் சமாளித்து 12,000 அடிக்குச் சுருக்கிய படம் 1940 ஆகஸ்ட் 23 அன்று தமிழ் விவரணையோடு வெளிவந்தது. தெலுங்கிலும் வந்தது. உலகப்போர் தொடங்கி ஓராண்டு ஆகப்போகும் நேரம். காந்தி படத்துக்கு அது நல்ல காலமல்ல. சுதந்திரம் வந்த 1947-இல் இந்தி வடிவம் டெல்லியில் திரையிடப்பட்டது. 1953-இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் தயாரானது.

செட்டியார் அதற்குள் வேறு வேலையில் மூழ்கிவிட்டார். 1943-இல் ஆரம்பித்த 'குமரி மலர்' இதழை 1983-இல் இறக்கும்வரை நடத்தினார். பழைய பத்திரிகைகளிலிருந்து அரிய கட்டுரைகளைத் தோண்டியெடுத்து அதில் மறுபடி அச்சிட்டார். சுருள் தேடியவருக்குக் காகிதம் தேடுவது புதிதா என்ன!

தமிழ்ப் படத்தின் மூலப்பிரதி இன்றுவரை கிடைக்கவில்லை. ஆங்கில வடிவத்தின் பிரதி ஒன்றை வரலாற்றாசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதி சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கண்டுபிடித்தார். படம் எடுத்த கதையைச் செட்டியார் எழுதிய கட்டுரைகளை 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாகப் பதிப்பித்தவரும் அவரே.