கங்கம்மன் சாத்திரையும் பேடு என்னும் சொல்லும்

தமிழகத்தின் வடவெல்லையாக இலக்கணம் சுட்டும் வேங்கடத்தின் அடிவாரத்தில், திருப்பதி தாத்தய்யகுண்ட கங்கம்மன் கோயிலில் ஆண்டுதோறும் மே மாத அளவில் நிகழும் சாத்திரை, திருநங்கையர் வரலாற்றை ஆராய்வோர் பலராலும் சான்றாகக் காட்டப்பெறுகிறது. அச்சான்று எத்தகையது என்பது ஆய்வுக்குரியது.

திருப்பதிப் பெண்களைச் சிறைப்பிடித்து இழிவு செய்த பாளையக்காரன் ஒருவனைக் கங்கம்மன் பல வேடங்கள் புனைந்து தேடினாள் என்பதும், அவள் ‘துரை’ வேடம் கொண்டபோது அவன் மறைவிடத்தினின்று வெளிப்பட்டு அழிந்தான் என்பதும் மக்கள் வழங்கும் கதை. அதன் பின்னரே மாதங்கி வேடம். இவ்வேடங்களைப் புனையும் உரிமை கைகால குடும்பத்து ஆடவர்க்குரியது. ஆகவே துரை வேடத்தில் ஆண் ஒருவர் பெண்தெய்வமாகிறார். அத்தெய்வமோ ஆணாகத் தோன்றுகிறது. கூத்து மரபில் ஈடுபாடுடையோர் இவ்விரட்டைத் திரிபை உற்று நோக்குதல் வேண்டும். இவர்களேயன்றி, நேர்ந்துகொண்ட ஆடவர் பலரும் புடவையுடுத்துப் பூச்சூடி வழிபட வருகின்றனர். இவ்விழாவை விரிவாக ஆராய்ந்த ஜாய்ஸ் புளூக்கிகர், 2013இல் வெளிவந்த தம் நூலில், அந்நாட்களில் ஊரே பெண்மையுறுவதாகக் கொள்கிறார்.

இக்கருத்து ஏற்கத்தக்கதே. எனினும், நேர்த்திக்கடன் முடிந்ததும் புடவை களைந்து வீடு திரும்பும் குடும்பத்தலைவரின் பெண்மையும், வாழ்நாள் முழுதும் பெண்ணாகவே வாழும் திருநங்கையின் பெண்மையும் ஒன்றெனக் கூறுதல் பொருந்தாது. முன்னவரை ஊர் வணங்குகிறது. பின்னவரைச் சட்டம் எவ்வாறு நடத்தியது என்பதற்கு 1871ஆம் ஆண்டுக் குற்றப்பரம்பரைச் சட்டம் சான்று. வட இந்தியப் பகுதிகளில் நடைமுறைக்கு வந்த அச்சட்டத்தின் இரண்டாம் பகுதி அவர்களைப் பதிவேட்டில் ஏற்றியது. பொதுவிடத்தில் பெண்ணுடை அணிவதையே குற்றமாக்கியது. ஐதராபாத்து நிசாம் ஆட்சியில் 1919இல் இயற்றப்பட்ட இத்தகையதொரு சட்டம் 2023இல்தான் தெலங்கானா உயர்நீதிமன்றத்தால் செல்லாததாக்கப்பட்டது. திருப்பதியில் வேண்டுதலாக விளங்கிய புடவை, அதே தெலுங்கு வழங்கும் பிறிதொரு நிலப்பகுதியில் தண்டனைக்குக் காரணமாயிற்று.

வேடத்தையும் வாழ்வையும் தமிழ் மரபு முன்னரே பிரித்தறிந்துள்ளது. சிலப்பதிகாரக் கடலாடு காதையில் மாதவி ஆடும் பதினோராடலுள் ஒன்றாகிய பேடு, காமன் கொண்ட கோலம்; ஆடல் முடிய அது நீங்கும். இலக்கணமோ கோலத்தைப் பேசவில்லை, ஆளையே பேசுகிறது. நன்னூல் பேட்டினை அவரவர் விழைவு நோக்கி ஆண்பால், பெண்பால் எனப் பகுப்பினும், அஃறிணை போல வழங்கவும் இடந்தருகிறது. இதனை மறைத்துத் தமிழிலக்கணத்தைப் புகழ்வது நேர்மையாகாது. அதற்கு முற்பட்ட தொல்காப்பியமோ இவர்களை உயர்திணையிலேயே வைக்கிறது. ஆண்மை திரிந்த பெயர் ஆண்பால் ஈற்றை ஏலாது என்பது சொல்லதிகாரக் கிளவியாக்கத்தின் விதி. அவ்விதிப்படி, கங்கம்மன் முன் புடவையுடுத்து நிற்கும் குடும்பத்தலைவரை ‘வந்தான்’ என எழுதலாம். அவரருகே நிற்கும் திருநங்கையை அவ்வாறு எழுதுதல் வழு.